வீட்டுக் குரல்

என் கணவர் பழனியப்பனுக்கு எத்தனை குரல் என்று கேட்டால் சுங்கை பினாங்கில் ஆளுக்கொரு கணக்குச் சொல்வார்கள். முப்பது வருடமாக மேடையிலும் தொலைக்காட்சியிலும் மற்றவர்களாகவே வாழ்ந்த மனிதர். கதாநாயகன் வேஷம் ஒருநாளும் கிடைத்ததில்லை. அதற்கேற்ற மூக்கு தனக்கு இல்லை என்று அவரே சொல்வார். ஆனால் வட்டிக்காரர், தோட்டத்தில் கணக்கெழுதும் கிராணி, இன்ஸ்பெக்டர், குடிகார மச்சான், யாழ்ப்பாணத்து வாத்தியார், கோயில் தலைவர், ஒருமுறை ஆள் கிடைக்காமல் மாமியார் என்று எது வந்தாலும் "பழனியைக் கூப்பிடு" என்பார்கள். பகலில் பாயான் லெப்பாஸ் தொழிற்சாலை ஸ்டோரில் வேலை, சாயங்காலம் ஒத்திகை. முகத்தில் பவுடர் ஏறுவதற்கு முன்பே அந்த ஆளின் குரல் வந்து உட்கார்ந்துவிடும்.

ஒரு தடவை கோயில் மண்டபத்தில் நாடகம். பட்டர்வொர்த்திலிருந்து வர வேண்டிய இரண்டு நடிகர்கள் வந்து சேரவில்லை. ஜனங்கள் விசிலடிக்க ஆரம்பித்துவிட்டார்கள். இவர் திரைக்கு இந்தப் பக்கம் அண்ணனாகவும் அந்தப் பக்கம் அப்பாவாகவும் நின்று தனக்குத் தானே சண்டை போட்டு, நடுவில் தூது போகிற வேலைக்காரனாகவும் பேசி முடித்தார். மூன்று பேர் நடித்ததாகவே ஊர் நம்பியது. வேலைக்காரனாக வந்தவர் யார், நன்றாகச் செய்தாரே என்று என்னிடமே வந்து கேட்டார்கள்.

அதனால் வந்த கூத்தும் கொஞ்சநஞ்சமல்ல. ஒரு தொடரில் டாக்டராக வந்த பிறகு எங்கள் பிளாட் லிஃப்டில் பெண்கள் கால் புண்ணைத் தூக்கிக் காட்ட ஆரம்பித்தார்கள். இவரும் விட்டுக்கொடுக்காமல் அந்த டாக்டரின் குரலிலேயே, "இனிப்ப நிறுத்துங்கம்மா, நாளைக்கே பெரிய ஆஸ்பத்திரிக்குப் போங்க" என்பார். இன்ஷூரன்ஸ் விற்க யாராவது போன் செய்தால் கிழவியாகிவிடுவார். "வீட்ல யாரும் இல்ல கண்ணு. நான் மட்டும்தான். எனக்குக் காது கேக்காது." எங்கள் மகள் காமினி கோலாலம்பூரிலிருந்து வாட்ஸ்அப்பில் நலம் விசாரித்தால் கோயில் தலைவர்தான் பதில் பேசி அனுப்புவார். அவள் கல்யாண வீடியோவில்கூட அப்பாவின் வாழ்த்துரை ஒரு அமைச்சரின் குரலில் இருக்கிறது. கேமராவோ மைக்கோ எதிரில் வந்தால் போதும், மனிதர் காணாமல் போய்விடுவார். அந்த இடத்தில் வேறு யாராவது நிற்பார்.

எனக்கென்று மிஞ்சியது ஒரு குரல்தான், வீட்டில் பேசுகிற குரல். அதில் ஒரு விசேஷமும் கிடையாது. மூக்கால் பேசுவது போல இருக்கும், ஆரம்பிக்கும்போது கொஞ்சம் இழுக்கும், எதைக் கேட்டாலும் புகார் மாதிரியே கேட்கும். "உப்பு எங்க?" என்றால் யாரோ உப்பைத் திருடிக்கொண்டு ஓடிவிட்டது போலத் தோன்றும். கல்யாணமான புதிதில் எனக்கு அது பெரிய ஏமாற்றம். மேடையில் அந்தக் கர்ஜனையைக் கேட்டுத்தானே நான் சரி என்று தலையாட்டினேன்! போகப் போக அந்த மூக்குக் குரலைக் கேட்டால்தான் வேஷக்காரர் போய் என் புருஷன் வந்துவிட்டார் என்று நிம்மதியாக இருக்கும்.

அப்படி இருக்கும்போதுதான் சென்னையிலிருந்து ஒரு படக்குழு ஜார்ஜ்டவுனுக்கு வந்தது. வெளியூர்ப் படக்காரர்கள் வந்தால் இடம், வண்டி, சாப்பாடு, ஆள் எல்லாம் ஏற்பாடு செய்து கொடுப்பது சீனி முகம்மது அண்ணன். கதாநாயகியின் அப்பா வேஷத்துக்கு உள்ளூர் ஆள் வேண்டும் என்றதும் இவரைத்தான் அழைத்துப் போனார். வேடிக்கை பார்க்க நானும் கூடப் போனேன். இவர் டைரக்டர் முன்னால் நின்று பத்து விதமாகப் பேசிக் காட்டினார். டைரக்டர் தாடி வைத்த சின்ன வயசுக்காரர். மரியாதையாகக் கேட்டு முடித்துவிட்டு, "ரொம்ப நல்லா இருக்கு சார்" என்றார். வேண்டாம் என்பதை அவர் அப்படித்தான் சொல்வார் போலிருக்கிறது என்று எனக்கு உடனே புரிந்துவிட்டது.

வெளியே வந்தோம். காடியில் ஏறலாம் என்றால் சாவியைக் காணோம்.

"ஒன் பைலதான் போட்டேன் லா. நல்லா பாரு."

"என் பைல எங்க போட்டீங்க? ஒங்க சட்டப் பைல பாருங்க."

"அங்க இல்லன்னுதான கேக்குறேன். இருந்தா நான் ஏன் கேக்குறேன்?"

பின்னாலேயே வந்த டைரக்டர் அப்படியே நின்றுவிட்டார். "சார், இதுதான் சார் எனக்கு வேணும். இப்ப அம்மாகிட்ட பேசுனீங்களே, இந்தக் குரல்."

இவருக்கு ரோஷம் வந்துவிட்டது. "இது சும்மா வீட்ல பேசுறது சார். இதுல என்னா இருக்கு?"

"இதுலதான் சார் எல்லாம் இருக்கு."

இத்தனை வருடத்தில் இவரை இவராகப் பேசச் சொன்ன முதல் ஆள் அவர். எனக்கு அந்தப் பிள்ளையைக் கட்டிப் பிடித்துக்கொள்ளலாம் போல இருந்தது.

படப்பிடிப்பு படகுத்துறையில், எங்கள் ஊர் ஜெட்டியில் நடந்தது. கதையில் இவர் பாகான் டாலாமில் குடியிருக்கும் லாரி டிரைவர். மகள் கோபித்துக்கொண்டு வீட்டை விட்டுப் போய்விட்டாள். படகில் வந்து இறங்குகிறவர்களுக்கு நடுவில் தினமும் அவளைத் தேடுகிறார். ஒருநாள் அவள் வந்து நிற்கிறாள். அடிக்கப் போகிறார், திட்டப் போகிறார் என்று பார்த்தால், "சோறு ஆறிப்போவுது, வா லா" என்று மட்டும் சொல்கிறார். காட்சி அவ்வளவுதான்.

ஆனால் கேமரா ஓட ஆரம்பித்ததும் இவருக்கு வீட்டுக் குரல் வரவில்லை. கோயில் தலைவர் வந்தார். நிறுத்திவிட்டு மறுபடி எடுத்தார்கள், கிராணி வந்தார். மனிதருக்குச் சட்டை நனைந்துவிட்டது. டைரக்டர் யோசித்துவிட்டு என்னைக் கூப்பிட்டார். "அம்மா, நீங்க கேமராவுக்குப் பக்கத்துல நில்லுங்க. சார், நீங்க அம்மாவப் பாத்துச் சொல்லுங்க." நின்றேன். இவர் என்னைப் பார்த்தார். "சோறு ஆறிப்போவுது, வா லா." மூக்கால், இழுத்து, புகாராக. என் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

நீளமான கம்பின் நுனியில் மைக்கைப் பிடித்துக்கொண்டு ஒருவர் பக்கத்தில் நின்றார். அது எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டது என்றுதான் நான் நினைத்தேன், இவரும் அப்படியே நினைத்தார். எங்கள் ஊர் நாடகங்களில் சட்டையில் மைக்கை மாட்டிவிடுவார்கள். பேசியது பேசியதுதான், அதுதான் தொலைக்காட்சியில் வரும். டைரக்டர் மட்டும் நடுநடுவே, "அப்படியே திரும்புங்க சார், கண்ணு கீழ போகக் கூடாது" என்று உரக்கச் சொல்லிக்கொண்டே இருந்தார். படமெடுக்கும்போது இப்படியா கத்துவார்கள் என்று எனக்கு ஆச்சரியமாக இருந்தது. பெரிய ஊர்க்காரர்கள், அவர்களுக்குத் தெரியாததா என்று விட்டுவிட்டேன்.

அப்போதே இவருக்குக் குரல் கரகரத்துக்கொண்டுதான் இருந்தது. ஜெட்டிக் காற்று என்றார். தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலை முருகன் கோயில் படி ஏறும்போது மூச்சு வாங்கியது, வயசாகுது லா என்றார். கடைசியில் ஆஸ்பத்திரியில் குழாய் விட்டுப் பார்த்துவிட்டுத் தொண்டையில் புற்று என்றார்கள். குரல்வளையை முழுவதும் எடுத்தால்தான் ஆள் பிழைப்பார், எடுத்தால் பேச முடியாது. டாக்டர் சொல்லி முடித்ததும் இவர், "சரிங்க டாக்டர்" என்றார். வீட்டுக் குரலில்தான் சொன்னார். இன்ஸ்பெக்டர், தலைவர் என்று இத்தனை பேர் கூடவே இருந்தார்களே, அன்றைக்கு ஒருவரும் துணைக்கு வரவில்லை.

அறுவை சிகிச்சைக்கு முன்னால் பேச்சுப் பயிற்சி கொடுக்கும் ஹமீதா வந்தாள். நம்மூர்த் தமிழ் முஸ்லிம் பெண், நல்ல மாதிரி.

"அங்கிள், ஆபரேஷனுக்கு முன்னாடி ஒங்க கொரல ரெக்கார்டு பண்ணி வச்சிக்கலாம். பின்னாடி ஆன்ட்டிக்குக் கேக்கணும்னு இருக்கும்."

போனை இவருக்கு முன்னால் வைத்தாள். இவர் தொண்டையைச் செருமிக்கொண்டார். "வணக்கம். நான் பழனியப்பன் பேசுகிறேன்." வானொலியில் செய்தி வாசிக்கிற குரல். சும்மா பேசுங்க அங்கிள் என்றாள். மறுபடி முயன்றார், யாழ்ப்பாணத்து வாத்தியார் வந்தார். என்னைப் பார்த்துப் பேசச் சொன்னாள். என் பக்கம் திரும்பியதும் இவருக்குக் கண் கலங்கிப்போய்க் குரலே எழவில்லை. போதும் என்று கையைக் காட்டினார்.

"விடு லா ஹமீதா. படத்துல இருக்கு. நல்ல மைக்கு, நல்ல ஆளுங்க. இவ எப்ப வேணும்னாலும் போட்டுப் பாத்துக்குவா."

அதில் எனக்கும் ஒரு தப்பும் தெரியவில்லை. அழுதுகொண்டே போனில் பேசி வைப்பதைவிட ஜெட்டியில் என்னைப் பார்த்துப் பேசியது எவ்வளவோ மேல் இல்லையா? அறுவை அன்று காலையில் தள்ளுவண்டியில் படுத்தபடியே, "என் போன சார்ஜ்ல போட்டு வை, மறந்துறாத" என்றார். கதவு சாத்திக்கொண்டது. கடைசியாகப் பேசியது அதுதான்.

பிழைத்து வந்தார். அதற்கு முருகனுக்குச் செய்ய வேண்டியதில் நான் குறை வைக்கவில்லை. கழுத்தில் ஒரு துளை, அதன் மேல் துணி. கழுத்தில் வைத்து அழுத்திப் பேசும் கருவி ஒன்றைக் கொடுத்தார்கள். ஒரே ஒரு தடவை வைத்துப் பார்த்தார், மிஷின் பேசுவது போல வந்தது. உடனே போனை எடுத்து டைப் செய்து காட்டினார்: "இந்த வேஷம் எனக்கு செட்டாகல." அதற்குப் பிறகு எல்லாம் டைப் செய்வதுதான். மீதியைக் கையாலும் கண்ணாலும் சொல்லிவிடுவார், நடிகர் இல்லையா! ஆனால் வீடு ஊமையாகிவிட்டது. நான் கத்தினால் திருப்பிக் கத்த ஆள் இல்லை. ஒற்றை ஆளாகச் சண்டை போடுவது எவ்வளவு கேவலமான வேலை என்று செய்து பார்த்தவர்களுக்குத்தான் தெரியும். படம் வரட்டும், படம் வரட்டும் என்று சொல்லிச் சொல்லியே நாளை ஓட்டினேன்.

ஒருநாள் காலையில் பசியாறிக்கொண்டிருந்தபோது சென்னையிலிருந்து படத்தின் மேனேஜர் பேசினார். இவருக்கும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் போட்டேன்.

"வணக்கம்மா. சார் டப்பிங்குக்கு எப்ப வர்றாரு? இங்க வர முடியலன்னா அங்கயே ஒரு ஸ்டூடியோ பாத்துக்கலாம். ஒரு நாள் வேலைதான்."

"என்னா டப்பிங்?"

"அன்னிக்குப் பேசுனத ஸ்டூடியோவுல மறுபடி பேசணும்மா. எங்க டைரக்டர் படத்துல எல்லாரும் பண்றதுதான்."

"அதான் ஜெட்டியிலயே பேசுனாரே! மைக்கு வச்சி எடுத்தீங்களே!"

"அது பைலட்மா. வாய் எங்க அசையுதுன்னு அடையாளத்துக்கு எடுக்கறது. அதுல டைரக்டர் குரல்தான் பாதி இருக்கும். ஜெனரேட்டர் சத்தம், படகு ஹாரன் வேற. அதத் தியேட்டர்ல போட முடியாதும்மா."

எதிரில் ரொட்டி சானாயைப் பிய்த்துக்கொண்டிருந்த இவரது கை நின்றுவிட்டது. நான் அறுவை நடந்ததைச் சொன்னேன். மேனேஜருக்கு அது தெரிந்திருக்கவில்லை. "ஐயோ, மன்னிச்சிக்குங்கம்மா. சாரப் பத்திரமாப் பாத்துக்குங்க. டப்பிங்குக்கு நாங்க வேற ஆள வச்சிக்கறோம்" என்றார்.

வேறு ஆளாம். ஆயுசு முழுக்க வேறு ஆளாகவே இருந்தவர், ஒரே ஒருமுறை தானாக நின்றார். அதற்கு வேறு ஆள்! எனக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது. "அந்தச் சத்தத்தோடயே போடுங்க" என்று கத்தினேன். "தியேட்டர்ல போட வேண்டாம், எனக்காவது அனுப்புங்க. ஹாரன் சத்தத்தோடயே அனுப்புங்க" என்று பிறகு கெஞ்சினேன். "பாக்குறேம்மா" என்றார். அந்த வார்த்தைக்கு என்ன அர்த்தம் என்று வாராவாரம் போன் போட்டுப் போட்டுக் கற்றுக்கொண்டேன்.

சீனி முகம்மது அண்ணனிடம் போய் நின்றேன். அவர் தனக்குத் தெரிந்தவர்களிடம் எல்லாம் பேசிப் பார்த்தார். "அந்தப் படத்துல கதாநாயகி கொரலே அவளுது இல்லயாம் லா. நம்ம பழனி அண்ணனுக்கு மட்டும் எப்படி விடுவாங்க?" என்று வருத்தப்பட்டார். காமினியிடம் இருந்த குரல் பதிவுகளை எல்லாம் அனுப்பச் சொன்னேன். ஒவ்வொன்றாகப் போட்டுக் கேட்டேன். கோயில் தலைவர் இருந்தார், இன்ஸ்பெக்டர் இருந்தார், அந்த மாமியார்கூடப் பேரக்குழந்தைக்குத் தாலாட்டுப் பாடிக்கொண்டிருந்தாள். என் புருஷன் ஒன்றில்கூட இல்லை. எனக்கு அழுகையைவிடக் கோபம்தான் வந்தது. ஊருக்கெல்லாம் குரல் கொடுத்த மனிதர் கட்டின பெண்டாட்டிக்கு ஒரு வார்த்தை எங்கேயும் போட்டு வைக்கவில்லை. இதை இவரிடமே சொல்லிக் கத்தினேன். இவர் தலையைக் குனிந்துகொண்டார்.

சென்னையிலிருந்து டைரக்டரே போனில் பேசினார். பேசும்போது அவருக்கே குரல் உடைந்தது. டப்பிங் பேசுகிற மூன்று பேரின் குரலை அனுப்புகிறேன், யார் பேச வேண்டும் என்று சாரே சொல்லட்டும் என்றார். முடியாது என்று சொல்லுங்கள், அப்போதாவது அந்தப் பைலட்டைத் தேடி எடுப்பார்கள் என்று நான் இவரிடம் சொன்னேன். இவர் டைப் செய்தார்: "அந்த அப்பா பாவம். அவன் நல்லா வரணும்."

பாருங்கள்! கதையில் வருகிற லாரி டிரைவர் மேல் இருக்கிற கரிசனம் என் மேல் இல்லை.

இயர்போனை மாட்டிக்கொண்டு மூன்று பேரையும் கேட்டார். ஒருவரைப் பிடித்துவிட்டது. சென்னைக்காரர், நம் பேச்சு அவருக்குப் பழக்கமில்லை. "லா" என்பதைச் சுத்தியலால் அடித்து இறக்குவது போலச் சொன்னார். இவர் பக்கம் பக்கமாக டைப் செய்து விளக்கினார். குரலை எழுத்தில் எப்படிச் சொல்வது? மறுபடி வந்ததைக் கேட்டுவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டார். பிறகு என்னிடம் போனை நீட்டினார்: "நீ பேசிக் காட்டு. ஒனக்குத்தான் தெரியும்."

"நானா? எனக்கு என்னா தலையெழுத்து? ஒங்க எடத்துல எவனோ வந்து பேசுறதுக்கு நான் வேற பாடம் எடுக்கணுமா?"

கையைக் கூப்பினார். இவர் நடிக்கிறாரா, நிஜமாகவே கேட்கிறாரா என்று எனக்கு இன்றுவரை பிரித்துச் சொல்லத் தெரியாது. எதுவாக இருந்தாலும் அந்த முகத்தைப் பார்த்து மாட்டேன் என்று சொல்ல என்னால் ஆகவில்லை.

அந்த மத்தியானம் முழுக்க நான் என் புருஷனாகப் பேசினேன். இவர் எதிரில் உட்கார்ந்து கையாலேயே டைரக்ஷன் செய்தார். மூக்கைத் தொட்டால் இன்னும் மூக்கால் பேச வேண்டும். விரலை நீட்டி இழுத்தால் இழுக்க வேண்டும். உதட்டைப் பிதுக்கினால் புகார் போதவில்லை என்று அர்த்தம். "சோறு ஆறிப்போவுது, வா லா." தலையை ஆட்டினார், இல்லை. "சோறு ஆறிப்போவுது, வா லா." கேலி செய்வதற்காக அந்தக் குரலில் எத்தனையோ நாள் பேசியிருக்கிறேன், அதனால் மெல்ல மெல்லப் படிந்து வந்தது. ஒரு தடவை அச்சாக விழுந்துவிட்டது. இவர் துள்ளி எழுந்து கையைத் தட்டினார். வாயைத் திறந்து சத்தமில்லாமல் சிரித்தார், கழுத்துத் துணிக்கு அடியில் காற்று புஸ் புஸ் என்று வந்தது. அதைப் பார்த்து எனக்கும் சிரிப்பு. ஆஸ்பத்திரிக்குப் போய் வந்த பிறகு நாங்கள் இரண்டு பேரும் அப்படிச் சிரித்தது அன்றுதான்.

அதை அனுப்பினோம். "புடிச்சிட்டேம்மா" என்று சென்னையிலிருந்து பதில் வந்தது, கூடவே அவர் பேசிய வசனமும் வந்தது. இவர் கேட்டுவிட்டுக் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினார். நான் இன்னொரு தடவை போட்டுக் கேட்டேன். அந்தச் சென்னைக்காரர் இவ்வளவு சீக்கிரம் பிடித்துக்கொள்வார் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

படம் வந்தது. சுங்கை பினாங்கு ஆட்களுக்காக சீனி முகம்மது அண்ணன் ஒரு காட்சியில் பாதி இருக்கைகளைப் பிடித்து வைத்தார். இவர் புதுச் சட்டை போட்டுக் கழுத்தைப் பட்டுத் துணியால் மூடிக்கொண்டு மாப்பிள்ளை மாதிரி வந்தார். ஜெட்டிக் காட்சி வந்தது. திரை முழுக்க இவர் முகம். அந்தக் கண் என்னைத்தான் பார்க்கிறது, அங்கே நான் நின்றுகொண்டிருந்தேன் என்று தியேட்டரில் யாருக்கும் தெரியாது. வாய் திறந்தது.

"சோறு ஆறிப்போவுது, வா லா."

சுற்றிலும் மூக்கை உறிஞ்சும் சத்தம். நல்ல குரல்தான், பொய் சொல்ல மாட்டேன். மூக்கு இருந்தது, இழுப்பு இருந்தது, புகார் இருந்தது. நான் சொல்லிக்கொடுத்தது அத்தனையும் இருந்தது. எனக்குச் சொல்லிக்கொடுக்கத் தெரியாத ஏதோ ஒன்று மட்டும் இல்லை.

வெளியே வந்ததும் பக்கத்து வீட்டுத் தனலெட்சுமி அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார். எங்கள் இரண்டு வீட்டுக்கும் நடுவில் இருப்பது மெல்லிய சுவர். எங்கள் சண்டை ஒன்றுகூட அவர் காதுக்குத் தப்பியதில்லை.

"தம்பி கொரலக் கேட்டு எவ்ளோ நாளாச்சு லா பிரமிளா. எனக்கு அழுகையே வந்துருச்சி."

"அக்கா, அது இவரு கொரல் இல்ல. மெட்ராஸ்காரர் ஒருத்தர் பேசுனது."

"சும்மா இரு லா. எனக்குத் தெரியாதா தம்பி கொரலு?"

திரும்பிப் பார்த்தேன். இவர் அக்காவுக்குக் கையைக் கூப்பிக்கொண்டிருந்தார், முகமெல்லாம் பூரிப்பு. ஊரே வந்து இவர் கையைக் குலுக்கியது. குரலிலேயே கொன்றுவிட்டீர்கள் என்றது. இல்லை, இல்லை என்று நான் ஒருத்தி ஓரமாக நின்று சொல்லிக்கொண்டிருந்தேன், யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. அன்று சாயங்காலம் காமினியும் போனில், "எனக்கே அப்பா மாதிரிதாம்மா இருந்துச்சி. விடுங்களேன்" என்றாள். அவளுக்கே அப்படி என்றால் நான் யாரிடம் போய்ச் சொல்வது?

மறுநாள் மேனேஜரைப் பிடித்தேன். "படந்தான் வந்துருச்சே. இப்பவாச்சும் அந்தப் பைலட்ட அனுப்புங்க."

"தப்பா நெனைக்காதீங்கம்மா. மிக்ஸிங் முடிஞ்சதும் ஹார்ட் டிஸ்க் எல்லாத்தையும் அழிச்சிட்டு அடுத்த படத்துக்குக் கொடுத்துட்டாங்க. எடுத்து வைக்கச் சொல்லியிருந்தேன். மறந்துட்டாங்க."

யார் மறந்தார்கள் என்று நான் கேட்கவில்லை. கேட்டு என்ன செய்வது? வாய் நிறைய வைத்திருந்த வசவு எல்லாம் எங்கே போனதென்று தெரியவில்லை. சரிங்க என்று சொல்லிப் போனை வைத்தேன்.

அதற்குப் பிறகு இவருக்கு ஒரு பழக்கம் வந்துவிட்டது. ஜெட்டிக் காட்சியை மட்டும் டைரக்டர் தனியாக அனுப்பி வைத்திருந்தார். தினமும் ஹாலில் உட்கார்ந்து அதைப் போட்டுப் பார்ப்பார். போட ஆரம்பித்தால் நான் அடுப்படிக் கதவைச் சாத்திக்கொள்வேன், இல்லாவிட்டால் குழாயைத் திறந்து விடுவேன். சில நாள் காய்கறி வாங்கும் சாக்கில் பாசாருக்குப் போய்விடுவேன்.

நேற்று மீன் பொரித்துக்கொண்டிருந்தேன். எண்ணெய் சடசடவென்று தெறித்துக்கொண்டிருந்தது. ஹாலிலிருந்து, "சோறு ஆறிப்போவுது, வா லா" என்று கூப்பிட்டார்.

"இருங்க, மீனு இன்னும் ஆவல! அதுக்குள்ள என்னா அவசரம்?" என்று இங்கிருந்தே கத்தினேன். கத்தி முடித்த பிறகுதான் அது ஹாலில் ஓடிய படம் என்று உறைத்து, கரண்டியோடு நின்றேன்.

இவர் அடுப்படி வாசலுக்கு ஓடி வந்தார். அப்படி ஒரு சந்தோஷம் முகத்தில். எத்தனையோ மேடைக்குக் கீழே உட்கார்ந்து இவர் கைதட்டு வாங்குவதைப் பார்த்திருக்கிறேன், எந்தக் கைதட்டுக்கும் இந்த முகத்தை நான் பார்த்ததில்லை. அவசர அவசரமாக டைப் செய்து நீட்டினார்.

"பாத்தியா! ஒனக்கே தெரியல!"

"ஆமாங்க" என்றேன். "எனக்கே தெரியல."

என் தோளைத் தட்டிக்கொடுத்துவிட்டுப் போனார். நான் அடுப்பை அணைத்தேன். இரண்டு குரலுக்கும் ஏதோ வித்தியாசம் இருந்ததே, தியேட்டரில் நன்றாகத் தெரிந்ததே, அது என்ன என்று இப்போதே பிடித்து வைத்துக்கொள்ள வேண்டும் போல ஒரு பதைப்பு வந்தது. கண்ணை மூடிக்கொண்டு காமினி பிறந்த அன்று நடந்ததை நினைத்தேன். இவர் குழந்தையைத் துணியோடு தூக்கிவந்து என் பக்கத்தில் குனிந்து, "பொண்ணு லா. ஒன்ன மாதிரியே மொறைக்கிது" என்று சொன்னார்.

சொன்னது அந்த மெட்ராஸ்காரர். குனிந்த முகம் இவருடையது, குழந்தை எங்களுடையது, பேசியது அவர். என் அம்மா செத்த அன்று பக்கத்தில் உட்கார்ந்து என்னிடம் சொன்னதை நினைத்துப் பார்த்தேன். முதல் முதலாக என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்டதை நினைத்துப் பார்த்தேன். வாய் விட்டு நானே அந்தக் குரலில் பேசியும் பார்த்தேன். எந்த நினைவைக் கூப்பிட்டாலும் அந்த மெட்ராஸ்காரரே வந்து பேசினார்.